எஸ்தரக்காவின் படலை

போதகர்களாக முதல் சபைக்குப் பெட்டி கட்டிக்கொண்டிருக்கும் தம்பிமாரே, தங்கைமாரே,

நேரில் வந்து பேசச் சொல்லிக் கேட்டிருந்தீர்கள். என் தொண்டை அதற்கு உதவாது. குரல் கெட்டு, ஐம்பத்திரண்டு வயதில், ஓய்வுக்குரிய காலம் வரும் முன்பே பிரசங்க மேடையை விட்டு இறங்கியவன் நான். இப்போது பேசினால் காய்ந்த பனையோலையைக் காற்று உரசுவது போல ஒரு சத்தம்தான் வருகிறது. அதனால் எழுதுகிறேன். ஆராதனையை எப்படி நடத்துவது, பதிவேட்டை எப்படி நிரப்புவது என்பதெல்லாம் உங்களுக்கு வேறு ஆட்கள் சொல்லித் தருவார்கள். நான் சொல்லப்போவது ஒரு பிழை. நான் செய்தது. விதைப்பில் தொடங்கி அறுவடையில் முடிந்தது. அது முடிந்து எட்டு வருடமாகிறது; என் வியப்பு மட்டும் இன்னும் முடியவில்லை.

எங்கள் வாவிக்கு இரண்டு கரை. கிழக்கே சூரியன் எழும் பக்கம் எழுவான்கரை. மேற்கே அது சாயும் பக்கம் படுவான்கரை. நின்ற இடத்தில் நின்றுகொண்டு, கண்ட சூரியனை வைத்து மண்ணுக்குப் பெயர் வைத்த மனிதர்கள். இதை நான் சின்ன வயதிலிருந்து சொல்லி வந்திருக்கிறேன். சொன்னதை ஒருநாளும் யோசித்ததில்லை. கடவுளைப் பற்றிப் பேசுகிற எல்லாரும் ஏதோ ஒரு கரையில் நின்றுதான் பேசுகிறார்கள் என்பது எனக்குப் படுவான்கரைக்குப் போன பிறகுதான் பிடிபட்டது. அதுவும் லேசாகப் பிடிபடவில்லை.

வெல்லாவெளிக்குப் போகும் வழியில், வயல்களின் நடுவே, ஓடு போட்ட ஒரு சின்ன ஆலயம். முப்பது குடும்பம். எல்லாரும் நெல்லுக்குள் பிறந்து நெல்லுக்குள் வளர்ந்தவர்கள். அங்கே போய் மூன்றாவது ஞாயிறு, நிலத்தில் விழுந்து செத்தால்தான் விதை பலன் தரும் என்ற கர்த்தருடைய வார்த்தையை எடுத்துப் பேசினேன். இறையியல் கல்லூரியில் கைதட்டு வாங்கிய பிரசங்கம் அது. முடிந்து வாசலில் கைகொடுத்துக்கொண்டு நிற்கும்போது ஞானமுத்து ஐயா என் கையை விடாமல் பிடித்துக்கொண்டார். எழுபத்தைந்து வயது, விதைப்பில் கைதேர்ந்தவர் என்று ஊரில் பெயர்.

“நல்லாச் சொன்னீங்க ஐயா. ஆனா எங்கட நெல்லு செத்து விழுறதில்ல. ஊறப்போட்டு, சாக்கில கட்டி, முளைக்க வச்சுத்தான் வீசுற. விழக்குள்ளயே அதுக்கு உசிர் வந்திரிக்கும்.”

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஒரு கிழவரின் பகிடி என்று அதை அந்த வாசலிலேயே விட்டுவிட்டு வந்தேன். விட்டிருக்கக் கூடாது. அந்தச் சபையில் எனக்குக் கிடைத்த முதல் எச்சரிக்கை அது.

ஞானமுத்து ஐயா இருந்தது மகள் எஸ்தரின் வீட்டில். என்னைவிட மூன்று வயது மூத்தவள். நான் எஸ்தரக்கா என்பேன். கெட்டிக்காரி. வயலும் பார்ப்பாள், சபையின் பெண்கள் சங்கமும் பார்ப்பாள், வாய் திறந்தால் அளந்துதான் பேசுவாள். அவளுக்கு ஒரு தம்பி, தயாளன். இளவயதில் வெளிநாட்டுக்குப் போனவன். தாய் செத்த செய்தி சொன்னபோது தொலைபேசியில் “வாறன்” என்றான். பிரேதத்தை ஐஸ் வைத்து நடு அறையில் கிடத்திக் காத்திருந்தார்கள். அடுத்த நாளும் தொலைபேசி எடுத்துக் கேட்டார்கள். “வாறன், வச்சிரிங்க” என்றான். இரண்டு பகல், இரண்டு இரவு. மூன்றாம் நாள் காலையில் அவனுடைய தொலைபேசி அடித்து அடித்து ஓய்ந்தது. அவனில்லாமலே எடுத்தார்கள். அதன் பிறகு ஏழு வருடம் அவனிடமிருந்து ஒரு சொல் இல்லை.

இதெல்லாம் எனக்குத் தெரியும். சபை வரலாறு என்று கேட்டுக் குறித்தும் வைத்திருந்தேன். தெரிந்திருப்பது வேறு, புரிந்திருப்பது வேறு என்று பிறகுதான் தெரிந்தது.

ஒரு ஐப்பசி மாதம், முதல் மழை விழுந்து வயல்வட்டை முழுக்க உழவு மணம் ஏறியிருந்த நாளில், ஞானமுத்து ஐயா என்னைத் தேடி ஆலயத்துக்கு வந்தார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. தயாளன் வந்துவிட்டான் என்றார். எழுவான்கரையில், கல்லடிக் கடற்கரையோரம், ஒரு சினேகிதனின் மீன்பிடி வாடியில் இருக்கிறானாம். பத்து நாளாகிறதாம். கையில் ஒன்றுமில்லை, குடும்பமுமில்லை. ஊருக்கு வரப் பயப்படுகிறான். எனக்கு அவனைப் பார்க்காமல் கண்ணை மூட ஏலாது ஐயா என்று சொல்லிவிட்டு, துவாயால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

தூரதேசம் போய்த் திரும்பிய மகன், வழி பார்த்து நிற்கும் தகப்பன். நான் இருபது வருடமாகப் பிரசங்கித்த உவமை கால் முளைத்து என் வாசலில் வந்து நிற்கிறது. கூட்டிக்கொண்டு வந்துவிடுவோம் ஐயா, நீங்கள் என்ன சொல்கிறீர்கள் என்று கேட்டேன்.

“நான் என்னத்தச் சொல்ற. வீடு மகள்டயெல்லோ.”

வயது போனவரின் தயக்கம் என்று நினைத்தேன். நீங்கள் தகப்பன், நீங்கள் கூப்பிட்டால் போதும் என்றேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். பிறகு போதகர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று போய்விட்டார்.

இங்கே கொஞ்சம் நில்லுங்கள். வெளியூரிலிருந்து வரப்போகிறவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்கு. தாய் வீடு மகளுக்குப் போகும், அவளிடமிருந்து அவள் மகளுக்குப் போகும். ஆண் கல்யாணம் கட்டிக்கொண்டு மனைவியின் வீட்டுக்குப் போவான். கட்டாமல் நாற்பது வயதில் திரும்பி வருகிற ஆணுக்குச் சொந்தமாக ஒரு கூரை இல்லை. அக்காவின் மனம்தான் அவனுக்குக் கூரை. இது புத்தகத்தில் படித்து அறிய வேண்டிய விஷயமில்லை. நானே கல்லடியில் பிறந்து, அதே கல்லடியில் என் மனைவிக்கு அவளுடைய தாய் கொடுத்த வீட்டில் குடியிருப்பவன். தினமும் அந்த வாசற்படலையைத் திறந்து மூடுபவன். அப்படியிருந்தும் மேடையில் ஏறியதும் என் தலைக்குள் வேறொரு தேசம் வந்து உட்கார்ந்துகொண்டது. அங்கே வீடென்றால் தகப்பனின் வீடு. கதவென்றால் தகப்பன் திறப்பது. வெளியூர்க்காரன் என்றால் கேட்டிருப்பான். நான் இந்த மண்ணின் ஆள் என்பதால் யாரையும் கேட்கவில்லை.

அடுத்த ஞாயிறு. தயாளனைக் கல்லடியிலிருந்து நானே மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு வந்து ஆலயத்தின் கடைசி வாங்கில் இருத்தினேன். மெலிந்து, தலை நரைத்து, கைகளை முழங்கால்களுக்கிடையில் வைத்தபடி இருந்தான். ஆட்கள் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். எஸ்தரக்கா மூன்றாவது வரிசையில். அவள் திரும்பவில்லை. நான் கெட்ட குமாரனின் உவமையைப் பேசினேன்: ஓடிப்போய்க் கட்டிப்பிடிக்கும் தகப்பன், கோபித்துக்கொண்டு விருந்துக்கு உள்ளே வராத மூத்த மகன், எல்லாம். அன்று பேசியது போல் வாழ்க்கையில் பேசியதில்லை. கடைசியில் சொன்னேன்: இன்று மத்தியானம் ஞானமுத்து ஐயாவின் வீட்டில் விருந்து, சபை முழுதும் வாருங்கள், காணாமற்போனவன் கிடைத்தான். சமையலுக்குக்கூட முதல் நாளே ஆள் பிடித்து, ஆலயத்தின் பின்னால் இரண்டு கிடாரம் ஏற்றியிருந்தேன்.

ஆமென் என்று ஒருவரும் சொல்லவில்லை. எஸ்தரக்கா எழும்பி, சேலைத் தலைப்பை இழுத்துச் செருகி, ஆசீர்வாதத்துக்கு நிற்காமல் வெளியே போனாள்.

நாங்கள் போனபோது படலை மூடியிருந்தது. முன்னால் நான், பக்கத்தில் ஞானமுத்து ஐயா, பின்னால் தயாளன், அதற்குப் பின்னால் கிடாரங்களைக் காவிக்கொண்டு சபை. படலைக்கு அந்தப் பக்கம் எஸ்தரக்கா. முற்றத்தில் அவளுடைய கணவர் ஒரு பிளாஸ்டிக் கதிரையைக் கையில் பிடித்தபடி நின்று, என்னைப் பார்த்துத் தலையைச் சொறிந்தார். அந்த வளவுக்குள் அவரும் என்னைப் போல வந்து சேர்ந்தவர்தான்.

“ஐயா, நீங்க உள்ள வாங்க. அப்பாவும் வாங்க. அவன் அங்க நிக்கட்டும்.”

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன்.

“இது அப்பாட வீடில்ல ஐயா. அம்மாட வீடு. அவவுக்கு அவட அம்மா குடுத்த. எனக்கு அம்மா தந்த. நீங்க ஆரக் கேட்டு இஞ்ச விருந்து சொன்னீங்க?”

சத்தம் போடவில்லை. கிடாரம் காவி வந்தவர்கள் அதை மெதுவாக மண்ணில் இறக்கி வைத்த சத்தம்தான் கேட்டது.

“அந்த அறையிலதான் அம்மாவ வச்சிருந்தம். ரெண்டு நாள். வாற ஆக்கள் எல்லாம் மகன் எங்க, மகன் எங்கயெண்டு கேக்க, வாறான் வாறான் எண்டு சொல்லிக்கொண்டு இருந்தது நான். அப்பா அழுது அழுது படுத்திட்டார். ஐஸ் உருக உருக மாத்தினது நான். இப்ப அவனக் கட்டிப்புடிக்கச் சொல்லி அப்பாவுக்குப் பிரசங்கம் பண்ணுறீங்க.”

தம்பிமாரே, தங்கைமாரே, இந்த மாதிரி ஒரு கணம் உங்களுக்கும் வரும். அறுபது எழுபது பேர் உங்கள் வாயைப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். வசனம் நாக்கு நுனியில் இருக்கும். எனக்கும் இருந்தது, மன்னிப்பைப் பற்றி எனக்குத் தெரிந்த வசனங்கள் எல்லாம் வரிசையில் வந்து நின்றன. அதில் ஒன்றை எடுத்து அவள் மேல் வைத்திருந்தால் அவள் படலையைத் திறந்திருப்பாள் என்றே நினைக்கிறேன். போதகர் சொல்லை மீறாத தலைமுறை அது. தயாளன் உள்ளே போயிருப்பான். சோறும் பரிமாறியிருப்பார்கள். அவளுடைய வீட்டுக்குள் அவளையே அந்நியமாக்கிவிட்டு நான் கை கழுவி வந்திருப்பேன். என் நல்ல காலம், என் வாய் அடைத்துவிட்டது. அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு என்னால் பேச முடியவில்லை.

பிழை என்னிடம்தான் அக்கா என்றேன். சபையைப் பார்த்து, சோற்றை ஆலயத்துக்குக் கொண்டுபோய்ச் சாப்பிட்டுவிட்டு வீட்டுக்குப் போகச் சொன்னேன். ஞானமுத்து ஐயா படலையின் மேல் ஒரு கையை வைத்துக்கொண்டு இரண்டு பக்கமும் பார்த்தார். பிறகு மகளோடு உள்ளே போனார். நான் தயாளனைத் திரும்ப ஏற்றிக்கொண்டேன்.

மண்டூர்த் துறையில் வாகனங்களோடு ஆட்களை ஏற்றிக்கொண்டு போகும் தட்டையான படகு உண்டு. அதில் ஏறி வாவியைக் கடந்தோம். தண்ணீரும் வானமும் ஒரே சாம்பல் நிறம். பாதித் தூரத்தில் தயாளன், கேட்காமலே, ஏன் வரவில்லை என்று சொன்னான். சொன்னதைப் பிறகு எழுதுகிறேன். அவன் அதைச் சொல்ல வேண்டிய இடத்தில் சொன்ன கட்டம் வரும்போது. கேட்டவுடன் எனக்குப் படகைத் திருப்பிக்கொண்டு ஓடிப்போய் எஸ்தரக்காவிடம் சொல்லிவிட வேண்டும் போலிருந்தது. அடக்கிக்கொண்டேன். அன்றைய நாளில் நான் செய்த ஒரே நல்ல காரியம் அதுதான்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் முழுவதையும் சொன்னேன். அவள் மீன் கழுவிக்கொண்டிருந்தாள். கடைசிவரை கேட்டுவிட்டு, கழுவிய தண்ணீரை வாழைக்கு ஊற்றிவிட்டு வந்து கேட்டாள்.

“இப்ப நீங்க இரிக்கிற ஆர்ட வீடு?”

உன்னுடையது என்றேன்.

“என்ட தம்பி கோவிச்சிக்கொண்டு போய்த் திரும்பி வந்தா, படலை திறக்கிற ஆர்? நீங்களா, எங்கட அப்பாவா?” சொல்லிவிட்டு மீன் சட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனாள்.

புதன்கிழமை தனியாகப் போனேன். வேதப்புத்தகம் எடுத்துப் போகவில்லை. படலைக்கு வெளியே, கூப்பிடும் வரைக்கும் நின்றேன். எஸ்தரக்கா முற்றத்தில் விதைநெல் சாக்குகளைப் புரட்டிக்கொண்டிருந்தாள். மறுநாள் விதைப்பு. வாங்க என்றாள். உட்காரச் சொல்லவில்லை. யாரையும் கேட்காமல் செய்துவிட்டேன், உங்கள் வீட்டை எடுத்து நான் விருந்துக்குக் கொடுத்துவிட்டேன் என்றேன். அவள் அடுத்த சாக்கைப் புரட்டினாள். அவன் என்ன சொன்னான் என்று கேட்டாள். அதை அவன்தான் சொல்ல வேண்டும் அக்கா என்றேன். அப்போதுதான் என்னை நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் முதல் தடவையாகக் கொஞ்சம் இடம் இருந்தது.

“அந்த உவமையக் கேட்டு யோசிச்சிக்கொண்டுதான் இரிக்கன் ஐயா. அதில கட்டிப்புடிக்க ஒராள் இரிக்கார். கோவிச்சிக்கொண்டு வெளிய நிக்க இன்னொராள் இரிக்கான். அவங்களுக்கு லேசு. எனக்கு ரெண்டும் நானெல்லோ. ரெண்டையும் நான்தான் செய்யணும். கொஞ்சம் நாள் தாங்க.”

சாக்கின் வாயைக் கட்டப்போனவள் நிறுத்தி, கையை வைத்துப் பாருங்கள் என்றாள். வைத்தேன். ஈர நெல்லுக்குள் கை முழங்கை வரைக்கும் இறங்கியது. உள்ளே சூடு. காய்ச்சல்காரப் பிள்ளையின் நெற்றியைத் தொட்டது போல. முளைக்கும்போது இப்படித்தான் கொதிக்கும், கவனமாகப் பார்க்காவிட்டால் வெந்துபோகும் என்றாள்.

நான் துறைக்குத் திரும்பிப் படகேறினேன். உங்களுக்கு இதைச் சரியாகச் சொல்ல முடியுமா தெரியவில்லை. நாம் படிக்கிற இறையியலுக்கும் பிறந்த வீடு உண்டு. சட்டமும் நீதிமன்றமும் மூச்சாக இருந்த நகரங்களில் மன்னிப்பு ஒரு தீர்ப்பாக எழுதப்பட்டது. பிரபுக்களின் மானம் பெரிதாக இருந்த காலத்தில் பாவம் ஒரு மானக்கேடாக எழுதப்பட்டது. அடிமைச் சந்தை இருந்த இடத்தில் மீட்பு ஒரு விடுதலைப் பத்திரமாக எழுதப்பட்டது. யாரும் பொய் எழுதவில்லை. ஒவ்வொருவரும் தங்கள் முற்றத்தில் நின்று வானத்தைப் பார்த்தார்கள். தெரிந்த நட்சத்திரத்தைச் சொன்னார்கள். நான் அவர்களுடைய முற்றங்களை மனப்பாடம் செய்துகொண்டு வந்து, என் முற்றத்தை மறந்துபோனேன். சிலுவையைப் பற்றி நான் வைத்திருந்த எண்ணமும் இரண்டு ஆள் கதைதான்: காயப்பட்டவர் ஒருவர், கதவு திறப்பவர் வேறொருவர். ஒரு வயற்காரப் பெண், நெல்லுச் சாக்கின் மேல் கையை வைத்துக்கொண்டு, இரண்டும் ஒரே ஆள் என்று சொல்லிவிட்டாள். காயம் பட்டவரே கதவையும் திறக்க வேண்டியிருந்தால் அது எவ்வளவு பாரம். திறந்தால் அது எவ்வளவு பெரிய கதவு. அந்தப் பெரிதை நான் படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு பார்த்தேன்.

பிறகு காத்திருப்பு. உங்களுக்கு இதுதான் கஷ்டமாக இருக்கும். எஸ்தரக்கா ஆராதனைக்கு வந்தாள். திருவிருந்து நாட்களில் அப்பம் வாங்க முன்னுக்கு வராமல் வாங்கிலேயே இருந்தாள். மூன்றாவது மாதம் சபை மூப்பர் ஒருவர் என்னைப் பிடித்துக்கொண்டார். மன்னிக்காதவர்களுக்கு இராப்போசனம் இல்லை என்று நீங்கள்தானே படிப்பித்தீர்கள், கூப்பிட்டுக் கண்டிக்க வேண்டாமா என்றார். அவ வரவில்லைதானே அண்ணன் என்றேன். அவவுக்கு எங்களைவிட நன்றாகத் தெரியும், எங்களில் எத்தனை பேர் யோசித்துவிட்டு வருகிறோம் என்று கேட்டேன். அவருக்கு அது பிடிக்கவில்லை. மேலிடத்துக்குக் கடிதம் போகும் என்று சொல்லிவிட்டுப் போனார், போயும் இருந்தது. ஞானமுத்து ஐயா பின்னேரங்களில் படலையடியில் கதிரை போட்டு இருந்தார். கண் மங்கிக்கொண்டு வந்தது அவருக்கு. பார்க்கும் போதெல்லாம் என் கையைப் பிடித்து, இன்னும் எத்தனை நாள் ஐயா என்று கேட்டார். தெரியாது என்றே சொன்னேன். தயாளன் கடல் கொந்தளித்த மாதங்களில் வாடியில் இருந்து கிழிந்த வலை பொத்தினான். கடல் அடங்கியதும் கரைவலை இழுக்கப் போனான். ஒருநாளும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை.

நெல் சூல்கொண்டு குடலையாகி, கதிராகி, தலை சாய்ந்து, படுவான்கரை முழுக்க மஞ்சளானது.

மாசி மாதம், ஒரு சனிக்கிழமை காலை, கல்லடியில் எங்கள் படலையை யாரோ தட்டினார்கள். எஸ்தரக்கா. ஆலயத்துக்கு உடுத்தும் சேலை, கையில் ஒரு பன்பை. விடியவே துறை கடந்து பஸ் எடுத்து வந்திருக்கிறாள். என் மனைவி தேத்தண்ணி கொடுத்தாள், குடித்தாள். புது நெல்லின் முதல் சோற்றை நாங்கள் புதிர் என்போம். வீட்டு ஆட்கள் எல்லாரும் சேர்ந்திருந்து சாப்பிடுவது. புதிருக்கு அரிசி குத்தியாச்சு ஐயா என்றாள். பிறகு, அவன் எங்கே என்று கேட்டாள். கரையில் நிற்பான், கூட்டிப் போகிறேன் என்று எழும்பினேன்.

“வாங்க. ஆனா நீங்க ஒண்டும் கதைக்கப்படாது.”

ஓம் என்றேன். என் மனைவி சிரிப்பை அடக்கிக்கொண்டு உள்ளே திரும்பினாள்.

கரையில் வலை பாதி வந்திருந்தது. இருபது பேர் கயிற்றில். தயாளன் நடுவில், இடுப்பில் பட்டி கட்டி, பின்னோக்கிச் சாய்ந்து இழுத்துக்கொண்டிருந்தான். எங்களைக் கண்டான். கால் ஒரு கணம் மணலில் நின்றுவிட்டது.

“என்னகா, கயித்த விட்டிராத,” என்று பின்னால் நின்றவன் அதட்டினான்.

விட முடியாது. வலை கரை ஏறும் வரைக்கும் ஒருவராலும் விட முடியாது. எஸ்தரக்கா செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுக் கவிழ்த்துக் கிடந்த தோணியில் இருந்தாள். ஒரு மணித்தியாலம் இருக்கும். வெயில் ஏறியது. பன்பையை மடியில் வைத்துக்கொண்டு, கண்ணைச் சுருக்கிக்கொண்டு, அசையாமல் இருந்தாள். அவனுக்காக அவள் மறுபடியும் காத்திருக்கிறாள் என்பது திடீரென்று எனக்கு உறைத்தது. சொல்லக் கூடாது என்று வாக்குக் கொடுத்திருந்தேன்.

வலை வந்தது. தயாளன் பட்டியை அவிழ்த்துவிட்டு, நனைந்த உடம்போடு வந்து, நாலு முழம் தள்ளி நின்றான்.

“ரெண்டு நாளா வாறன் வாறனெண்டு சொன்னாய். ஏன்டா?”

“வர ஏலாதெண்டு தெரியும் அக்கா. கடதாசி இல்லாமப் புடிபட்டு உள்ள கிடந்தன். என்ட போன் காவல்காரன்ட கையில. அந்த ரெண்டு தரமும்தான் கதைக்கத் தந்தவன்.” மூச்சு வாங்கினான். “வரமாட்டனெண்டு சொன்னா நீங்க எடுத்திருவீங்க. வாறனெண்டு சொல்லும் மட்டும் அம்மா வீட்டில இருப்பாவெண்டு நினைச்சன்.”

கடல் இரைந்தது. மீனைச் சுற்றி நின்றவர்களின் பேச்சு எங்கோ தூரத்தில் கேட்டது. எஸ்தரக்கா எழும்பினாள். நாலு முழத்தைக் கடந்து போய் அவன் முதுகில் ஓங்கி ஒரு அடி அடித்தாள். ஈர உடம்பில் அந்தச் சத்தம் கரை முழுக்கக் கேட்டது. அடித்த கை திரும்பி வரவில்லை. அங்கேயே, அடித்த இடத்திலேயே, விரித்தபடி இருந்தது. பிறகு அந்தக் கை மெதுவாக அவனை இழுத்தது.

உவமையில் இரண்டு ஆட்கள் செய்ததை ஒரு கை செய்ததை நான் பார்த்தேன். பிறகு எத்தனையோ பெரிய தேவாலயங்களில் நின்றிருக்கிறேன். அந்த மணலில் நின்றது போல வேறெங்கும் நின்றதில்லை.

“வீட்டுக்காரி வந்திரிக்கன். நட,” என்றாள். பன்பைக்குள் இருந்து ஒரு புதுச் சட்டையும் சாரமும் எடுத்துக் கொடுத்தாள்.

நானும் வரவா என்று கேட்டேன். வாக்கை மீறிவிட்டேன்.

“இல்ல ஐயா. இண்டைக்கு வீட்டு ஆக்கள் மட்டும். நீங்க நாளைக்கு வாங்க.”

இருவரும் பஸ் தரிப்பிடம் நோக்கி நடந்தார்கள். அவள் முன்னே, அவன் இரண்டடி பின்னே. நான் தோணியடியில் தனியே நின்று, விருந்துக்கு அழைக்கப்படாத போதகனாக, சந்தோசத்தில் என்ன செய்வதென்று தெரியாமல் செருப்புக்குள் இருந்த மணலைத் தட்டிக்கொண்டிருந்தேன். மறுநாள் ஞானமுத்து ஐயா சொன்னார், சோற்றுக் கோப்பையை மடியில் வைத்துக்கொண்டு, மங்கிய கண்ணோடு மகனின் முகத்தைக் கையால் தடவித் தடவிப் பார்த்தாராம். எஸ்தரக்கா இருவருக்கும் பரிமாறினாளாம்.

அந்த மறுநாள் திருவிருந்து ஞாயிறு. தகப்பனுக்கும் தம்பிக்கும் பின்னால் அவளும் முன்னுக்கு வந்து முழந்தாளிட்டாள். கை இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக நீட்டினாள். அடித்த கை மேலே இருந்தது. அப்பத்தை வைக்கும்போது என் விரல் அவளுடைய உள்ளங்கையில் பட்டது. சூடாக இருந்தது. ஐப்பசியில் அந்தச் சாக்குக்குள் நான் தொட்ட அதே சூடு. விழும்போதே நெல்லுக்கு உயிர் வந்திருக்கும் என்று ஞானமுத்து ஐயா ஆலய வாசலில் சொன்னது அப்போதுதான் எனக்குக் கேட்டது. படலை மூடிக் கிடந்த அந்த நாட்களிலேயே அவளுக்குள் அது முளைத்துவிட்டிருந்தது.